சைனாக்காரருக்கு ஒரு கல்

இரவு பதினொரு மணிக்கு மேல் இருக்கும். மன்னார்குடியிலிருந்து கூத்தாநல்லூர் போகிற சாலை... எதிரே ஒரு வண்டி கிடையாது. இரண்டு பக்கமும் சம்பா வயல். மழை விட்டு, தவளைகள் கத்தப் பிடித்துக்கொண்ட நேரம். டாடா ஏஸ் ஒன்றை ஓட்டிக்கொண்டு தனியாக வந்தார் கிளாட்சன். இதோ, துண்டைப் போர்த்திக்கொண்டு நம்மோடு உட்கார்ந்திருக்கிறாரே ரெஜின், அவருடைய அக்கா வீட்டுக்காரர். நான் சொல்வது பொய் என்று தோன்றினால் அவரைக் கேட்டுக்கொள்ளுங்கள். வேளாங்கண்ணிக்கு இன்னும் நடக்க வேண்டியது நிறைய இருக்கிறது. கால்வலி மறக்கும். தூக்கம் போனால் நான் பொறுப்பில்லை.

வண்டியின் பின்விளக்கு உடைந்திருந்தது. உடைத்தவர் கிளாட்சனேதான்.

கல்லறைத் திருநாள் நெருங்கியதால், அன்று பொழுது சாய்கிற நேரத்தில் கல்லறைத் தோட்டத்துப் பாதைக்கு மணல் கொண்டுபோயிருந்தார். வண்டியைப் பின்னால் எடுக்கும்போது கண்ணாடியைப் பார்க்க வேண்டும். அவரோ மணல் அள்ள வந்த ஆட்களின் முகத்தைப் பார்த்து நையாண்டி பேசிக்கொண்டே எடுத்தார். மூங்கில் புதர் ஓரம்... டொக். ஒரு பழைய கல் இரண்டு துண்டு. செல்போன் வெளிச்சத்தில் குனிந்து பார்த்தார். பெயர் இல்லை, ஊர் இல்லை. ‘சைனாக்காரர்’ என்று ஒற்றைச் சொல்.

“சைனா பொருளா? அப்ப கியாரண்டி கெடையாதுப்பா,” என்றார்.

எல்லாரும் சிரித்தார்கள். கிளாட்சனுக்கு நாலு பேர் சிரித்தால் போதும், ராத்திரிச் சோறு வேண்டாம்.

இப்போது சாலைக்கு வாருங்கள். பாதி வழியில் ஒரு மதகு. பின்விளக்கு ஒயர் தொங்கி உரசுகிற சத்தம் கேட்டு, வண்டியை ஓரங்கட்டி இறங்கினார். இன்ஜினை நிறுத்தியதும் தவளைச் சத்தமும் நின்றது... சட்டென்று.

டிக் டிக் டிக் டிக். மிதிக்காமல் உருட்டினால் சைக்கிளின் பின்சக்கரம் போடுமே, அந்தச் சத்தம். பக்கத்தில் வந்து நின்றது. கிராம்புத் தைலத்தின் வாடை. ஆள் தெரியவில்லை. பணிவான ஒரு குரல் மட்டும்.

“வாயத் தொறங்க.”

பல் டாக்டர் மாதிரிச் சொன்னால் யாருக்குமே வாய் தானாகத் திறந்துவிடும். கிளாட்சனுக்கும் திறந்தது. கிணற்றுக்கயிறு மாதிரி ஈரமான, சில்லிட்ட ஒரு விரல், பல் பல்லாகத் தொட்டுக்கொண்டு போய்... கடைவாய்ப் பல்லில் நின்றது. சைக்கிள் போய்விட்டது.

வீட்டில் லின்சி, நம்ம ரெஜினின் அக்கா, கதவைத் திறந்ததும் மூக்கைச் சுளித்தாள்.

“பல்லு வலியா? வாயெல்லாம் கிராம்புத் தைலம் அடிக்குது.”

அதற்குப் பிறகு எந்த இரவு அந்த மதகைத் தாண்டினாலும் அந்த வாடை. கிளாட்சன் பயந்தது உண்மை. ஆனால் பயத்தைவிட, தான் அடித்த ஜோக்தான் அவரை அறுத்தது. செத்தவர் தலைமாட்டில் நின்று அடித்த ஜோக். திருநாளுக்குள் அந்த மனிதருக்குப் புதுக்கல் வைத்துவிடுவது என்று கல் வெட்டுகிற கோவிந்தராசுவிடம் போனார்.

“பேரு?”

“சைனாக்காரர்னே வெட்டிடுங்கண்ணே.”

“அது பேரா? நாளைக்கு ஒன் கல்லுல லோடு வண்டிக்காரர்னு வெட்டட்டுமா?”

கிளாட்சன் வண்டிச் சாவியை எடுத்தார். பெயரைத் தேடிப் புறப்பட்டார்.

கதை மட்டும் எல்லாரிடமும் இருந்தது. வெள்ளைக்காரன் காலத்தில் நாகப்பட்டினத்தில் கப்பல் இறங்கியவர். சைக்கிளில் பட்டுத்துணி மூட்டை கட்டி ஊர் ஊராக விற்றார். பிறகு மன்னார்குடியில் கடை பிடித்துப் பல் கட்ட ஆரம்பித்தார். ஒரே நாற்காலி. மிராசுதார் உட்கார்ந்து எழுந்த அதே நாற்காலியில் நடவு நடுகிற கூலியாளையும் உட்காரவைத்தார். சில மிராசுதார்கள் வருவதை நிறுத்திக்கொண்டார்கள். அவர் நாற்காலியை மாற்றவில்லை. வெள்ளைக்காரத் துரைக்குப் பல் கட்டியவரும் அவர்தான். யுத்தம் வந்ததும், வாராவாரம் போலீஸ் ஸ்டேஷனில் வந்து கையெழுத்துப் போடு என்று அவரை நிற்கவைத்தவரும் அதே துரைதான், அவர் கட்டிய பல்லோடு. ஜப்பான் உளவாளி என்று பையன்கள் கல் எறிந்தார்கள். பல் வலித்தபோது அதே பையன்கள் போனார்கள்.

கூத்தாநல்லூர் நஃபீசாம்மா, “எங்க வாப்பாவுக்குத் தங்கப்பல் வச்சது அவருதான்,” என்றார். பெயர்? “சைனாக்காரருன்னுதான் சொல்லுவாக.”

ஊர் வாய் முழுக்க அவர் கை பட்டிருக்கிறது. அவர் பெயர் மட்டும் ஒரு வாயிலும் இல்லை.

கடைசியாக விண்ணரசி அத்தை. கிளாட்சனின் அப்பாவுக்கு மூத்தவர், எண்பதைத் தாண்டியவர். சிறுமியாக இருந்தபோது சைனாக்காரர் கடையில் தண்ணீர் பிடித்து வைத்தவர். அவருக்குத் தெரியாமல் இருக்குமா? ஆனால் எப்போது கேட்டாலும், “விளக்கு வைக்கிற நேரத்துல அந்தப் பேச்சு எதுக்கு?” பகலில் கேட்டால், “மாத்திரை போட்டுட்டேன், தூக்கமா வருது.”

திருநாளுக்கு முதல் நாள். கல் தயார், பாலிஷ் போட்டு, வெறுமையாக. அதை வண்டியில் வைத்துக்கொண்டு இரவு மதகடியில் நிறுத்தினார் கிளாட்சன். இன்ஜின் நின்றது. தவளைகள் நின்றன.

டிக் டிக் டிக்... வாடை.

இந்தத் தடவை வாயை அவரே திறந்தார்.

“ஐயா, உங்க பேரு என்னங்க?”

டிக். சக்கரம் கொஞ்சம் நகர்ந்து நின்றது. பிறகு குரல் சொன்னது. நிதானமாக, குழந்தைக்குச் சொல்லித் தருகிற மாதிரி. ஏறி, இறங்கி, மறுபடி ஏறுகிற மூன்று ஒலிகள்.

கிளாட்சன் சிரித்துவிட்டார்.

பயத்தில் சிரித்தாரா, இத்தனை வருடப் பழக்கத்தில் சிரித்தாரா, அவருக்கே தெரியாது. கையால் வாயைப் பொத்தினார். விரலிடுக்கில் சிரிப்பு வந்துகொண்டே இருந்தது. கண்ணில் தண்ணீரும். சிரித்து முடித்தபோது சைக்கிள் இல்லை, வாடை இல்லை. அந்த மூன்று ஒலியில் ஒன்றுகூட நினைவில் இல்லை. தவளைகள் கத்த ஆரம்பித்தன.

விடிந்ததும் அத்தை வீட்டு வாசலில் போய் நின்றார். முகத்தைப் பார்த்தே அத்தைக்குப் புரிந்துவிட்டது.

“சொன்னாரா?”

“சொன்னாரு அத்த. நான்... சிரிச்சுட்டேன்.”

அத்தை அவரைத் திட்டவில்லை. புடவைத் தலைப்பை எடுத்து வாயை மூடிக்கொண்டார்.

“ஒரு ஆளுக்கு ஒரு தடவதான் சொல்லுவாரு, கிளாட்சா. எனக்கும் சொன்னாரு. நானும் சிரிச்சேன்.”

“எப்ப அத்த? கடையில வேல பாத்தப்பவா?”

“கடையில இருந்த வரைக்கும் கேக்கணும்னே தோணல,” என்றார் அத்தை. “அவரப் பொதச்சதுக்கு அப்புறம்.”