மூன்று தண்ணீர்

கார்ன்டு பீஃப் சாண்ட்விச்சைச் சூடாகச் சாப்பிட வேண்டும் என்பார்கள், டாக்டர். ஆறிவிட்டால் ருசி போய்விடுமாம். நான் வாயில் வைத்ததில்லை. ஆனால் அதைப் பண்ணுவதில் இந்த வெஸ்ட் வின்ட்சரில் எனக்கு ஈடாக யாரும் இருக்க மாட்டார்கள்.

உங்கள் மனைவி சாந்தி மேல் எனக்கு வருத்தமில்லை. என் கணவருடைய பதின்மூன்றாம் நாள் காரியத்தன்று ஐஸ் எடுக்க ஃப்ரீஸரைத் திறந்தார். அடுக்கியிருந்த மாட்டிறைச்சிப் பொட்டலங்களைப் பார்த்து அப்படியே நின்றுவிட்டார். அவர் சொல்லித்தான் நீங்கள் இன்று வந்திருக்கிறீர்கள். என் கணவருக்கு இதய வைத்தியம் பார்த்தவர் நீங்கள்; கேட்பது நியாயம்தான். உட்காருங்கள், சொல்கிறேன்.

அவருக்கு இந்தப் பழக்கம் ஜெர்சி சிட்டியில் வேலை பார்த்தபோது வந்தது. மத்தியானம் ஆபீஸ் நண்பர்களோடு பக்கத்து டெலிக்கு, அந்த சாண்ட்விச் கடைக்குப் போவார். ஊருக்கெல்லாம் நாங்கள் சுத்த சைவம். சட்டையில் வரும் வாசனையால் எனக்கு மட்டும் தெரியும். அப்புறம் இதயம் பலவீனமாகி உங்களிடம் வந்தார். உப்பு ஆகவே ஆகாது, வெளிச் சாப்பாட்டைத் தொடக்கூடாது என்றீர்கள். திரும்பி வரும்போது காரிலேயே ஆரம்பித்துவிட்டார்.

"வெளியிலதானே சாப்பிடக்கூடாது? நீ ஆத்துல பண்ணு."

"சுவாமி படம் இருக்கற சமையல்கட்டுலயா?" என்று கேட்டேன்.

"முடியாதுன்னா சொல்லு, ஷ்யாமளா. டிக்கெட் போட்டுடறேன்."

டிக்கெட் என்றால் என்ன என்று உங்களுக்குத் தெரியாது. நான் அவருடைய விசாவைப் பிடித்துக்கொண்டு வந்தவள். என் பாஸ்போர்ட் அவர் ஆபீஸ் டிராயரில் இருந்தது. ஒருமுறை சாம்பாரில் புளி தூக்கலாகிவிட்டது என்று என் பெட்டியைக் கட்டச் சொன்னார். நுவர்க் ஏர்போர்ட் வரை காரை ஓட்டிக்கொண்டு போய், வாசலில் என்னைப் பெட்டியோடு இறக்கிவிட்டார். பின் சீட்டில் எங்கள் பெண் ஸ்ம்ருதி கண்ணாடியைத் தட்டி, "அம்மா, வேர் ஆர் யூ கோயிங்?" என்று அழுதாள். ஒரு சுற்று சுற்றிவிட்டு வந்து, சிரித்துக்கொண்டே என்னை ஏற்றிக்கொண்டார். "குழந்தை சிட்டிசன். அவ இங்கதான் இருப்பா. நீதான் போவே. ஞாபகம் வச்சுக்கோ" என்றார். அன்றிலிருந்து அவர் கார் சாவியை எடுத்தாலே ஸ்ம்ருதியை இழுத்துப் பக்கத்தில் வைத்துக்கொள்வேன்.

அதனால் கற்றுக்கொண்டேன். சுவாமி அலமாரிக்குத் திரை போட்டேன். அதற்கென்று தனிப் பாத்திரம் வாங்கி சிங்குக்குக் கீழே வைத்தேன். இறைச்சி உப்புத் தண்ணீரில் ஊறியபடியே பொட்டலத்தில் வரும். கூடவே சின்ன மசாலாப் பை. பிரித்தால் கடுகு, தனியா, மிளகு, கிராம்பு. எல்லாம் நம் அஞ்சறைப்பெட்டிச் சாமான்தான். அதைப் பார்த்ததும் கொஞ்சம் தைரியம் வந்தது.

உப்பை எடுப்பதுதான் வேலை. முதல் நாள் பச்சைத் தண்ணீரில் ஊறப்போட்டு அதைக் கொட்ட வேண்டும். ஒரு கொதி விட்டு அதையும் கொட்ட வேண்டும். பிறகு வேறு தண்ணீரில் பாதி வேகவிட்டு மறுபடி கொட்டி, புதுத் தண்ணீரில் மெத்தென்று ஆகும்வரை சிறு தீயில் வைக்க வேண்டும். மூன்று தண்ணீர் மாற்றினால் உப்பு பெரும்பாலும் போய்விடும். நாருக்குக் குறுக்கே மெல்லிசாக நறுக்கி, இட்லித் தட்டில் வைத்து ஆவி காட்டி, கடுகு விழுது தடவிய ரை ரொட்டிக்கு நடுவில் அடுக்குவேன். பிறகு தலைக்குக் குளிப்பேன்.

"ஆவி காட்டறது சரியா இருக்கு. ஆனா சப்புனு இருக்கே" என்பார்.

இருக்கட்டும் என்று விட்டுவிடுவேன். அவர் உயிரோடு இருக்க வேண்டும் என்று என்னைவிட வேண்டிக்கொண்டவர்கள் யாருமில்லை. இங்கேயே தங்குவதற்கான எங்கள் கிரீன் கார்டு மனு அவர் வேலையை நம்பி ஓடிக்கொண்டிருந்தது. அவருக்கு ஏதாவது ஆகிவிட்டால் நான் சென்னைக்கு, குழந்தை இங்கேயே அவர் அக்கா விசாலாக்ஷியிடம். கால் வீக்கம் வற்றியபோது, "உங்க கைப் பக்குவம்தான் மாமி இவரைக் காப்பாத்தறது" என்று நீங்களே பாராட்டினீர்கள்.

போன வருஷம் தபாலில் கிரீன் கார்டு வந்தது. என்னுடையதில் என் பெயர், என் படம். யாருடைய மனைவி என்று அதில் போடவில்லை.

அதற்குப் பிறகு எனக்குக் கொஞ்சம் அலுப்பு வந்தது. உண்மை அதுதான். இத்தனை வருஷ ஓட்டத்துக்குப் பிறகு யாருக்குத்தான் வராது? முதலில் ஒரு தண்ணீர் மாற்றுவதை நிறுத்தினேன். குளிர் ஆரம்பித்ததும் இன்னொன்றை. கடைசியில் பொட்டலத்தைப் பிரித்து, அந்த உப்பு நீரோடு அப்படியே அடுப்பில் ஏற்றினேன்.

"இன்னைக்குத்தான் நன்னா வந்திருக்கு. டெலி மாதிரியே இருக்கு" என்றார். கல்யாணமாகி அவர் என் சமையலைப் புகழ்ந்தது அப்போதுதான். மனசுக்கு நிறைவாக இருந்தது, பொய் சொல்லவில்லை. வாரத்துக்கு ஒருநாள் என்பது தினமும் ஆனது.

கால் மறுபடி வீங்கியது. மூச்சு வாங்கியது. நீங்கள் மாத்திரையைக் கூட்டிக்கொண்டே போய், என்ன சாப்பிடுகிறார் என்று கேட்டீர்கள். நான் வாயைத் திறக்கக்கூட வேண்டியிருக்கவில்லை. "ப்யூர் வெஜிடேரியன், டாக்டர். உப்பில்லாத ரசம்தான்" என்று அவரே சொன்னார். கோயில் கமிட்டியில் உங்கள் பக்கத்து நாற்காலியில் உட்காருகிறவர். அமெரிக்க டாக்டராக இருந்தால் ஒருவேளை சொல்லியிருப்பார். உங்களிடம் எப்படிச் சொல்வார்?

கடைசி நாளன்று ஆஸ்பத்திரி எமர்ஜென்சியில் மூச்சுக்குத் தவித்துக்கொண்டிருந்தார். "மத்தியானம் என்ன சாப்பிட்டேள்? மறைக்காம சொல்லுங்கோ" என்று நீங்கள் குனிந்து கேட்டீர்கள். அவர் என்னைப் பார்த்தார். நானும் பார்த்தேன். "தயிர்சாதம்" என்றார். பெரியவர்கள் பேசும்போது நான் குறுக்கே பேசுவதில்லை.

வேண்டுமென்றே செய்தீர்களா என்றுதானே கேட்க வருகிறீர்கள்? அவர் சாப்பாட்டில் நான் ஒரு கல் உப்புகூடப் போடவில்லை, டாக்டர். கடையில் வந்தது வந்தபடி. தண்ணீரைக் கொட்ட அலுத்துப்போய்விட்டது, அவ்வளவுதான். உப்பு எவ்வளவு நிற்கும், எவ்வளவு போகும் என்றெல்லாம் எனக்கு என்ன தெரியும்?

அடுப்பிலிருந்து வரும் வாசனையைக் கவனித்துவிட்டீர்கள். ஸ்ம்ருதிக்குத்தான். அப்பா தட்டிலிருந்து வாங்கித் தின்று பழகியவள். காலையிலிருந்து அதைக் கேட்டு அழுகை. முகத்தை அப்படி வைத்துக்கொள்ளாதீர்கள். குழந்தை சாப்பிடப் போகிறது, மூன்று தண்ணீரும் மாற்றிவிட்டேன்.