உள்ளே மடக்கிய கட்டைவிரல்

மனிதத் தலை எதுவும் சரியான உருண்டை கிடையாது. இடது பக்கம் ஒரு மேடு, வலது பக்கம் ஒரு பள்ளம், பிடரியில் ஒரு சப்பை என்று எல்லாருக்கும் ஏதாவது ஒரு கோணல் இருக்கும். உங்களுக்கு வலது காதுக்கு மேலே மேடு. தொப்பியைக் கழற்றி மேசையில் வைத்தபோதே பார்த்துவிட்டேன். தப்பாக எடுத்துக்கொள்ளாதீர்கள். ஏழு வருடமாக நடிகர்களின் தலைக்கு டோப்பா பொருத்தி முடி அலங்கரிப்பதுதான் என் வேலை.

நீங்கள் எழுதி வைத்திருக்கும் போலீஸ் அறிக்கையைப் படித்தேன். ஷிராகி செண்யா, வயது முப்பத்து மூன்று, கபுகி நாடக நடிகர், பெண் வேடக்காரர். மேடைப் படிக்கட்டிலிருந்து விழுந்து மரணம், விபத்து. ஒப்பனை அறை ஊழியர்கள் எல்லாரும் கீழே கையெழுத்துப் போட்டிருக்கிறார்கள். நான் மட்டும்தான் பாக்கி என்கிறீர்கள். என்னால் போட முடியாது. செய்தித்தாளும் வாங்கிப் படித்தேன். "பாத்திரத்தோடு கரைந்துபோன கலைஞன், அவர் வாழ்க்கையிலேயே உச்சமான விழுகை" என்று அரைப் பக்கத்துக்கு எழுதியிருக்கிறார்கள். மூன்று வாரமாகப் பொறுத்துப் பார்த்தேன். இன்று காலை நானாகத்தான் வந்தேன், நீங்கள் கூப்பிடவில்லை என்பதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

நான் நோட்டோ கடற்கரைக்காரி. அப்பா கணவாய் மீன் பிடிக்கிற படகில் போவார். அம்மா கணவாயைக் கீறிக் கயிற்றில் காயப்போடுவாள். எங்கள் வீட்டில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான்தான். பெண் வேடங்களைப் பற்றி இருநூற்றுப் பத்துப் பக்கம் ஆய்வேடு எழுதினேன். அழும்போது அங்கிக் கையைக் கண்ணிலிருந்து எத்தனை விரல் தள்ளிப் பிடிக்க வேண்டும் என்பது எனக்குத் தெரியும். முழங்கால்களுக்கு நடுவே காகிதத்தை இடுக்கி, அது நழுவாமல் நடக்கத் தெரியும். விடுதி அறையில் ஆறு மாதம் நடந்து பழகினேன். ஒரு பெண் உட்கார்ந்து பெண் மாதிரி நடக்கப் பழகியது உங்களுக்கு வேடிக்கையாக இருக்கலாம்.

படிப்பு முடிந்ததும் நடிகர் பயிற்சிக்கு விண்ணப்பம் வாங்கினேன். முதல் வரியிலேயே ஆண்கள் மட்டும் என்று இருந்தது. பெண் வேடத்துக்கும் அப்படித்தான். பெண்களை மேடையிலிருந்து விலக்கி நானூறு வருடம் ஆகப்போகிறது, இன்னும் அப்படித்தான். பேராசிரியர், "விமர்சனம் எழுதும்மா, நல்லா வருவே" என்றார். அடுத்தவன் ஆடுவதைப் பற்றி எழுதுவதற்கா கணவாய் நாற்றத்திலிருந்து ஏறி வந்தேன். மேடைக்கு எவ்வளவு பக்கத்தில் நிற்க முடியுமோ அவ்வளவு பக்கத்தில் போனேன். சீப்போடு திரையோரம் நிற்கிற இடம்தான் அது. மேடைக்கும் அதற்கும் நாலு முழம்.

தலைமை முடிக்காரர் ஒகுமுரா ஐயா முதல் நாளே சொன்னார். "பட்டம் வாங்குன கை சீப்பு புடிக்கிற லட்சணத்தைப் பாருங்கடா. பேராசிரியம்மா, இது பேனா இல்ல." அன்றிலிருந்து அறையில் எல்லாருக்கும் நான் பேராசிரியம்மாதான். செண்யாவை எல்லாரும் சின்னய்யா என்பார்கள். அவர் மட்டும்தான் என்னை "உரானோ சான்" என்று பெயர் சொல்லிக் கூப்பிட்டார். மரியாதையான மனிதர். அதையும் எழுதிக்கொள்ளுங்கள். எனக்கு அவர்மேல் கோபம் எதுவும் கிடையாது.

அவருக்குப் பெரிய கை. துடுப்புப் போடுகிறவன் கை மாதிரி இருக்கும். ஆனால் கட்டைவிரலை உள்ளங்கைக்குள் மடக்கி, மற்ற விரல்களைச் சேர்த்துவிட்டால் அதே கை பத்து வயசுப் பெண்ணின் கையாகச் சுருங்கிவிடும். பெண் வேடக்காரர்கள் எல்லாரும் செய்வதுதான். இவருக்கு அது உடம்பிலேயே ஊறிப்போயிருந்தது. தேநீர் குடிக்கும்போதும் கட்டைவிரல் வெளியே தெரியாது. "தூங்கும்போதுகூட உள்ளேதான் இருக்கு, போய்ப் பாருங்க" என்று அவர் மனைவி சொல்லிச் சிரித்திருக்கிறாள்.

போன பிப்ரவரியில் என் அப்பா இறந்தார். அம்மா போன் பண்ணியபோது நான் ஒப்பனை அறையில் இருந்தேன். செண்யா எனக்கு முதுகு காட்டிக் கண்ணாடி முன்னால் உட்கார்ந்து கழுத்துக்கு வெள்ளை பூசிக்கொண்டிருந்தார். நான் அம்மாவிடம், "சரி, சரி, நீ சாப்பிட்டியா" என்று கேட்டேன். போனை வைத்தேன். பிறகு சீப்பில் சிக்கியிருந்த முடிகளை ஒவ்வொன்றாக உருவி, என் முழங்கால்மேல் வரிசையாக அடுக்கினேன். ஏன் அப்படிச் செய்தேன் என்று கேட்டால் தெரியாது. எல்லா முடியும் ஒரே நீளமாக இருக்க வேண்டும் என்று தோன்றியது. நிமிர்ந்தபோது கண்ணாடிக்குள் செண்யாவின் கண் என்மேல் இருந்தது. அவர் திரும்பவில்லை. பூச்சுத் தூரிகை அந்தரத்தில் அப்படியே நின்றது. வெகுநேரம் பார்த்தார்.

மே மாதம் புது நாடகம். தொலைந்த பிள்ளையைத் தேடித் தேடிப் பித்துப்பிடித்த தாய். இரண்டாம் காட்சியில் பிள்ளை செத்த சேதி வருகிறது. செண்யா அழவில்லை. செய்தி கொண்டுவந்தவனிடம், சாப்பிட்டாயா என்று கேட்டார். உட்கார்ந்தார். சீப்பிலிருந்து முடியை ஒவ்வொன்றாக உருவி முழங்கால்மேல் அடுக்கினார். அரங்கில் மூக்குறிஞ்சும் சத்தம் கேட்டது. மேல்மாடியிலிருந்து வழக்கமாக நடிகரின் குலப்பெயரைப் பாராட்டாகக் கூவுகிற கிழவர்கூட அன்றைக்கு வாயைத் திறக்கவில்லை. பெண்ணைவிடப் பெண் என்று மறுநாள் எழுதினார்கள்.

முதல் நாள் காட்சி முடிந்ததும் என்னிடம் வந்தார். முழங்கால் போட்டு, இரண்டு கையையும் தரையில் ஊன்றி வணங்கினார்.

"உங்ககிட்டேர்ந்துதான் எடுத்தேன், உரானோ சான். கோவிச்சுக்காதீங்க."

பயற்றுப்பூரணம் வைத்த இனிப்பு ஒரு பெட்டி கொடுத்தார். நல்ல கடை இனிப்பு. நான் சாப்பிட்டேன்.

இரண்டாம் நாள், மதியக் காட்சிக்கும் மாலைக் காட்சிக்கும் நடுவே எல்லாரும் சாப்பிடப் போயிருந்தார்கள். நான் அறையில் தனியாக உட்கார்ந்து அந்த முடி அடுக்கும் காட்சியைச் செய்து பார்த்தேன். என்னுடையதுதானே. அவருடைய அளவுக்கு மெதுவாக, அவருடைய கழுத்துச் சாய்வோடு செய்தேன். நன்றாக வந்தது. முடித்துவிட்டுப் பார்த்தால் கதவருகே செண்யா நிற்கிறார்.

"எப்படி இருக்கு?" என்று கேட்டேன். கேட்டிருக்கக் கூடாது.

அவர் யோசித்துத்தான் சொன்னார். அவசரப்பட்டுப் பேசுகிற ஆள் இல்லை.

"நீங்க பண்ணா அது வெறும் அழுகையா இருக்கு. நிஜமாவே பொம்பளையா இருக்கீங்க பாருங்க, அதான். அது உங்க தப்பில்ல."

நல்ல மனசோடுதான் சொன்னார். திட்டியிருந்தால் திருப்பித் திட்டியிருப்பேன். செத்தது என் அப்பா. முடி எடுத்தது என் சீப்பிலிருந்து. அதை நான் செய்தால் செல்லாது, அவர் செய்தால் செல்லும். இதை எந்த அலுவலகத்தில் போய்ப் புகார் எழுதிக் கொடுப்பது என்று நீங்களே சொல்லுங்கள்.

டோப்பாவுக்கு உள்ளே செப்புத் தகட்டில் அடித்த ஒரு கூடு இருக்கும். ஒவ்வொரு நடிகரின் தலைக்கும் தனித்தனியாகத் தட்டி எடுப்பது அது. முடியோடு சேர்த்து இந்தத் தாய் வேஷத்துக்கு மூன்று கிலோ கனம். வேர்வையிலும் சூட்டிலும் கூடு கொஞ்சம் விரிந்து போகும். நாடகம் ஓடுகிற இருபத்தைந்து நாளும் அதைச் சின்னச் சுத்தியலால் தட்டிச் சரிபண்ணுவது என் பொறுப்பு. மூன்றாம் நாளிலிருந்து நான் கூடுதலாக ஒரு தட்டு தட்டினேன். நெற்றிப்பொட்டு இரண்டிலும், மயிரிழை அளவு உள்நோக்கி.

அவருக்குத் தலை வலிக்க வேண்டும், ஆட்டத்தில் ஒரு இடத்திலாவது தடுமாற வேண்டும், அவ்வளவுதான் நினைத்தேன். ஒரு நாள், ஒரே ஒரு நாள், அந்த மாடிக் கிழவர் முகத்தைச் சுளிக்க வேண்டும்.

ஐந்தாம் நாள், "இன்னிக்கு கொஞ்சம் இறுக்கமா இருக்கு" என்றார். "மழை ஈரம், முடி உப்பியிருக்கு சின்னய்யா" என்றேன். தலையாட்டினார். வேஷம் வலிக்கிறது என்று சொல்வது நடிகர் குடும்பங்களுக்குள் அவமானம். அவர் தாத்தா பல் வலியோடு ஒரு மாதம் ஆடி, கடைசி நாள் திரை விழுந்த பிறகுதான் வாயைத் திறந்து காட்டினாராம். அந்தக் கதையைச் சொல்லித்தான் பிள்ளைகளை வளர்க்கிறார்கள்.

எட்டாம் நாள் விமர்சனம் வந்தது. தாயின் கண்ணில் இதுவரை யாரும் காணாத வலி தெரிகிறதாம். நான் இன்னொரு தட்டு தட்டினேன். பத்தாம் நாள் டிக்கெட் இல்லை என்று பலகை வைத்தார்கள். நான் இறுக்க இறுக்க அவர் நன்றாக ஆடினார். முகம் வெளுத்து, குரல் மெலிந்து, அடியெடுத்து வைக்கும்போது ஒரு நூல் தயங்கி, பித்துப்பிடித்தவள் எப்படி நடப்பாளோ அப்படியே நடந்தார். கைத்தட்டல் அவருக்கு. சுத்தியல் என்னுடையது.

பன்னிரண்டாம் நாள் ஒகுமுரா ஐயா செண்யாவின் நெற்றிப்பொட்டில் இருந்த தடிப்பைப் பார்த்துவிட்டார். "என்னடி இது, பேராசிரியம்மா? மனுஷத் தலையா, பூசணிக்காயா?" என்று கத்தினார்.

"நான்தான் இறுக்கச் சொன்னேன், விடுங்க" என்றார் செண்யா.

ஒகுமுரா ஐயா போனதும் செண்யா கண்ணாடி வழியாக என்னைப் பார்த்தார்.

"நீங்க வேணும்னேதான் பண்றீங்க. எனக்கு அஞ்சாம் நாளே தெரியும். எனக்காகத்தானே பண்றீங்க. இந்த வலியிலதான் அவ முகம் வருது. இன்னும் ஒண்ணு தட்டுங்க."

தட்டினேன். வேறு என்ன செய்யச் சொல்கிறீர்கள். என் பழிவாங்கலைக்கூட இனிப்புப் பெட்டி மாதிரி பெருமையோடு வாங்கி வைத்துக்கொண்டார். அவரிடமிருந்து நான் எதையும் எடுக்க முடியவில்லை. நான் எதைக் கொடுத்தாலும் அது அவருடைய நடிப்பாகிவிட்டது. இங்கே நிறுத்தினால், நடிகரே கேட்டுக்கொண்டார் என்று எழுதி நீங்கள் கோப்பை மூடிவிடலாம். மூடாதீர்கள்.

இருபத்தோராம் நாள் மதியக் காட்சி. கடைசியில் தாய் கோயில் படிக்கட்டில் ஒன்பது படி ஏறி, உச்சியில் நின்று பின்னால் வளைந்து வானத்தைப் பார்க்க வேண்டும். கறுப்பு உடை உதவியாளர் பின்னாலிருந்து முதுகைத் தாங்குவார். அன்று செண்யா இரண்டு படி முன்னாலேயே வளைந்துவிட்டார். உதவியாளருக்குக் கை எட்டவில்லை. பக்கவாட்டில் சரிந்து, ஏழு படியும் உருண்டு, கீழே மல்லாக்கக் கிடந்தார்.

யாரும் அசையவில்லை. பெரிய நடிகர் சொல்லாமல் கொள்ளாமல் ஆட்டத்தை மாற்றுவது எங்கள் அரங்கில் புதிதல்ல. குறுக்கே போய்க் கெடுத்த உதவியாளனுக்குப் பிறகு அந்தக் குடும்பத்தில் வேலை கிடையாது. அதனால் கறுப்பு உடைக்காரர் குனிந்து மறைந்துகொண்டார். மூன்று நரம்பு வாத்தியக்காரர்கள் தாளம் தவறாமல் வாசித்தார்கள். மாடிக் கிழவர், "ஹயாசேயா" என்று குலப்பெயரைத் தொண்டை கிழியக் கூவினார். அரங்கமே எழுந்து கைதட்டியது.

நான் நாலு முழத்தில் நின்றேன். அவருடைய இடது கை என் பக்கமாக விழுந்திருந்தது. விரல்கள் மெதுவாக விரிந்தன. கட்டைவிரல் வெளியே வந்தது.

தூக்கத்தில்கூட வெளியே வராத விரல். அது வந்த கணமே இது நடிப்பில்லை என்று எனக்குத் தெரிந்துவிட்டது. ஆயிரத்து இருநூறு பேர் இருந்த இடத்தில் எனக்கு மட்டும்தான் தெரியும். திரைக்காரன் என் கைக்கெட்டும் தூரத்தில் கயிறோடு நின்றான். தோளைத் தொட்டால் போதும், திரையை இழுத்துவிடுவான். கழுத்தெலும்பு முறிந்து மூச்சு அடைத்துக்கொண்டிருந்தது, உடனே கவனித்திருந்தால் பிழைத்திருப்பார் என்று மருத்துவர் உங்களிடம் சொன்னதாக ஒகுமுரா ஐயா சொன்னார். பாட்டு முடிய நான்கு நிமிடம் ஆனது. அந்த நான்கு நிமிடமும் நான் அவரைப் பார்த்துக்கொண்டிருந்தேன். சீப்பு கையில் அந்தரத்தில் அப்படியே நின்றது. உதட்டு ஓரம் எப்படி இழுக்கிறது, கண் எந்தப் பக்கம் முதலில் போகிறது, கால் எத்தனை தடவை உதறுகிறது என்று ஒன்று விடாமல் பார்த்தேன். அவர் என்னைப் பார்த்த மாதிரியேதான் பார்த்தேன்.

அன்றைக்கே கூட்டைத் தட்டிப் பழைய அளவுக்குக் கொண்டுவந்துவிட்டேன். நீங்கள் அளந்தால் எதுவும் கிடைக்காது. சாட்சி என்று இருப்பது நான் மட்டும்தான். கொன்றது நான் என்று எழுதுங்கள். தவறி விழுந்தார் என்று எழுதாதீர்கள். உச்சமான விழுகை என்று அவர் பெயரில் எழுதவும் விடாதீர்கள். அந்த விழுகையைப் பத்தொன்பது நாள் உட்கார்ந்து செய்தது நான்.

நம்பிக்கை இல்லையென்றால் அந்த நாற்காலியைக் கொஞ்சம் நகர்த்துங்கள். இந்த அறையில் பெண் ஆடக் கூடாது என்று எங்கும் எழுதி ஒட்டியிருக்கவில்லை. மூன்று வாரமாக அந்த விழுகையைப் பழகியிருக்கிறேன். முதலில் முதுகு வளைய வேண்டும், பிறகுதான் கழுத்து. கட்டைவிரலைக் கடைசிவரை உள்ளேயே வைத்திருக்க வேண்டும். முன்னாலேயே விட்டால் வெறும் விழுகையாகிவிடும். நேற்று கண்ணாடி முன்னால் சரியாக வந்தது. செண்யா கதவருகே நின்று பார்த்திருந்தால், இந்தத் தடவை நன்றாக இருக்கிறது என்று சொல்லியிருப்பார்.