அவர் பூட்ஸைக் கழற்றிய களம்

மூன்றாவது வெடி. பக்கத்துப் பலாமரத்தில் பட்டை தெறிக்கிறது. ஓடுகிறேன்.

"போலீசு ஏறி வருது! ஓடுங்கடா!"

கார்த்திகை மாதம். செவ்வாய்க்கிழமை. பனி விலகும் நேரம். வெள்ளைக்காரனுடைய சண்டைக்காலம். அடிவாரத்தில் தந்திக் கம்பி அறுத்த நாலு பேரில் நான் ஒருவன். வயது இருபது. ஊர், மலைமேல் வாழவந்தி நாட்டில்.

அக்காவின் களத்தில் அடித்த சாமைத்தாள் குவிந்து கிடந்தது. அதற்குள் புகுந்தேன். கையில் கொடுவாள். கிட்டே வருகிற காலை வெட்டிவிட்டு ஓடுவது. அவ்வளவுதான் யோசித்தேன்.

வாசலில் அக்காவை நிறுத்தி அதட்டுகிறார்கள். அவள் மகள் பொங்காயி களத்திலேயே நிற்கிறாள். நாலு வயது.

டக். டக். தாள் இடுக்கில் ஒரு ஜோடி பூட்ஸ். துப்பாக்கி முனைக் கத்தி தாளில் இறங்குகிறது. சரக். என் தோளுக்கு ஒரு சாண் தள்ளி. மறுபடி சரக். கொடுவாளை ஓங்கினேன்.

"மாமா, பூட்ஸக் கழட்டுங்க. களத்துல சாமி இருக்குது."

கத்தி நின்றது.

"கழட்டலீன்னா உங்க சாமி என்ன கண்ணு பண்ணும்?"

"வவுறு வலிக்கும். எங்கப்பனுக்கே வலிச்சுது."

சிரித்தார். உட்கார்ந்தார். கழற்றினார்.

குதிகால் முழுக்க வெடிப்பு. பெருவிரல் நகம் கறுத்திருந்தது. ஏர் பிடித்து நடந்த கால். என் அப்பனுக்கும் அப்படித்தான் இருந்தது. என் கை இறங்கிவிட்டது.

"கைய நீட்டுங்க மாமா. களத்துக்கு வந்தவங்க வெறுங்கையாப் போகக்கூடாது."

ஒரு பிடி சாமையை அள்ளி நீட்டினாள். ஒரு கையில் வாங்கினால் அவள் விடமாட்டாள். துப்பாக்கியைத் தரையில் வைக்கக் குனிந்தார். அப்போது என்னைப் பார்த்தார். கொடுவாளையும் பார்த்தார்.

"என்னடா அங்க? ஆள் இருக்கானா?" வாசலிலிருந்து அதட்டல்.

"இல்லீங்கய்யா. கொழந்த வெளையாடுதுங்க."

இரண்டு கையாலும் சாமையை வாங்கினார். துண்டில் முடிந்தார். களம் தாண்டும்வரை பூட்ஸ் அவர் கையில்தான் இருந்தது.

நான் காட்டுக்குள் இறங்கினேன். மேலே இன்னும் ஐந்து வெடி. எண்ணினேன். பிறகு புகை. தீ வைத்தவர்களில் அவரும் இருந்தாரா, தெரியாது.

இதை இதுவரை யாரிடமும் சொன்னதில்லை. ஒரு போலீசுக்காரர் விட்டதால் பிழைத்தவன் என்ற கூச்சம்.

கூட்டாளிகள் இருவர் அன்றே செத்தார்கள். ஒருவன் ஜெயிலில். மூன்று வீடுகள் எரிந்தன. களத்துச் சாமை முழுதும் எரிந்தது. அந்த வருஷம் கிழங்கு தோண்டித் தின்றோம். தை முடிவதற்குள் பொங்காயி போய்விட்டாள்.

அந்த அறுவடையில் எரியாமல் மிஞ்சியது ஒரு பிடி. அதை அவர் கொண்டுபோனார்.