எழுந்தவர் கையெழுத்து

— பூஜ்யமா? என்னடா எழுதியிருக்க, பூஜ்யம்னு?

— கேள்வி என்னன்னு படி. ‘நேற்று இரவு நோயாளி எத்தனை முறை எழுந்தார்?’ அப்பா எழுந்திரிக்கல. அதான் பூஜ்யம்.

— நாலு தரம்டா! நாலு தரம் எழுந்து வீடு பூரா நடந்தாரு!

— அக்கா, கத்தாத. உள்ள தூங்கறாரு.

— ஆமா, இப்ப நல்லாத் தூங்குவாரு. ராத்திரி பூரா என்ன ஆட்டி வெச்சுட்டு, நான் வேலைக்குக் கிளம்பற நேரத்துல வாயப் பொளந்துக்கிட்டு குழந்த மாதிரி தூங்குவாரு. அத அடிச்சுட்டு நாலுன்னு எழுது.

— நான் பாக்காதத எப்படி எழுதறது?

— நீ எப்படிப் பாப்ப? கட்டையாட்டம் கிடந்த.

— அதத்தான் நானும் சொல்றேன். அவர் ரூம் வாசலுக்கு நேரா சோபாவுல படுத்திருந்தேன். ஒரு ஆளு என்னத் தாண்டி நாலு தரம் போய் வந்தா எனக்குத் தெரியாமப் போகுமா? கொஞ்சம் லாஜிக்கா பாரு.

— உன் லாஜிக்கத் தூக்கி லிஃப்ட்டுல போடு.

— வேலைய எதுக்கு இழுக்கற? ஒரு லிஃப்ட்டுக்கு நான் கையெழுத்துப் போடறேன்னா, அதுல நானே ஏறி இறங்கிப் பாத்துட்டேன்னு அர்த்தம். இருபத்திரண்டு வருஷத்துல கண்ணால பாக்காத எதுக்கும் சர்டிபிகேட் குடுத்ததில்ல.

— ஐயா பெரிய அதிகாரி. இங்க பாரு, நான் உன்ன சொத்துல பங்கா கேட்டேன்? ஒரே ஒரு ராத்திரி வந்து படுத்துப் பாத்துட்டு, பாத்தத எழுதிக் குடுன்னு கேட்டேன். அந்த முதியோர் ஹோம்ல, வீட்டுல கூட இருந்து பாத்துக்கற ஆளு சொன்னா மட்டும் போதாதாம். வெளியில இருக்கற சொந்தம் ஒருத்தர் எழுதிக் குடுக்கணுமாம். இன்னிக்கு மத்தியானத்துக்குள்ள ஃபாரம் போகலேன்னா அந்த எடத்த வேற யாருக்காவது குடுத்துடுவாங்க.

— அப்பாவ யாரோ ஒருத்தர் வீட்டுல கொண்டுபோய்ப் படுக்க வைக்கறதுல உனக்கு என்னக்கா இவ்வளவு அவசரம்?

— வாரத்துக்கு மூணு ராத்திரிடா! மூணே மூணு ராத்திரி. சாயங்காலம் அவங்களே வண்டியில கூட்டிட்டுப் போய், காலையில கொண்டுவந்து விட்டுடுவாங்க. அந்த மூணு ராத்திரி நான் தூங்குவேன். வேற ஒண்ணும் இல்ல. எனக்குத் தூக்கம் வேணும். பதினாலு மாசமாச்சு.

— மாத்திரை குடுக்கலாமே? மருந்துக்கடையிலதான வேலை பாக்கற.

— வந்துட்டாருய்யா டாக்டர். குடுத்தோமே, மறந்துட்டியா? குடுத்த மூணாம் நாளு கால் பின்னிக்கிட்டு பாத்ரூம்ல விழுந்தாரு. நெத்தியில ஆறு தையல். நீ ஃபோன்ல ‘பாத்துக்கோக்கா’ன்னு சொன்ன. பாத்துக்கிட்டேன். இந்த மறதி நோய்ல பொழுது சாஞ்சா தலைக்குள்ள எல்லாம் எடம் மாறிடுமாம், மாத்திரை குடுத்தா இன்னும் மோசமாகும்னு டாக்டர் தலையில அடிச்சுக்கிட்டாரு.

— நேத்து சாயங்காலம் நல்லாத்தான் இருந்தாரு. ‘டேய், தலைமுடிய வெட்டித் தொலைடா, பாக்க சகிக்கல’ன்னாரு. அரமணி நேரம் என்கூட உக்காந்து பழைய கதையெல்லாம் பேசினாரு. ஒரு தப்பு இல்ல.

— எல்லாருக்கும் அதான். விருந்தாளி வந்தா பட்டு மாதிரி பேசுவாரு. போன மாசம் அத்தை வந்துட்டு, ‘எங்கண்ணனுக்கு என்ன குறைச்சல், உனக்குத்தான் பொறுமை போதல’ன்னு சொல்லிட்டுப் போனாங்க. மூணு மணிக்கு டார்ச்ச முகத்துல அடிச்சு எழுப்பறாரே, அப்ப எந்த அத்தையும் வர மாட்டேங்கறா.

— டார்ச்சா?

— டார்ச்சேதான். உனக்குத் தெரியாத மாதிரி கேக்கற! முப்பத்தோரு வருஷம் பஸ் டிப்போவுல அப்பா என்ன வேல பாத்தாரு? ஓய்வறையில படுத்திருக்கற டிரைவருங்கள நேரத்துக்கு எழுப்பி விடணும். நோட்டுல கட்டில் நம்பர், நேரம், பக்கத்துல ‘எழுந்தவர் கையெழுத்து’. கையெழுத்து வாங்காம நகரக் கூடாது. அந்த வேலையத்தான் இப்ப இங்க பாக்கறாரு.

— அதனால?

— அதனால நான் எழுந்து உக்காந்து கையெழுத்துப் போடணும். போட்டாத்தான் போவாரு. போய்ப் படுத்தவுடனே எழுப்பினது மறந்துடும். மறுபடி டார்ச்ச எடுத்துக்கிட்டு வருவாரு. ‘எழுந்திரிங்க, வண்டி நிக்காது.’ திரும்பக் கையெழுத்து. முதல்ல நானும் சண்ட போட்டேன். ‘அப்பா, இது வீடு, நான் உங்க பொண்ணு’ன்னு அழுதுகூடப் பாத்தேன். விடிய விடிய நின்னாரு. கையெழுத்துப் போட்டா ஒரு மணி நேரமாவது கிடைக்குது.

— நீயும் அதுக்கு ஒத்து ஊதினா அவரு எப்படி விடுவாரு?

— நீ ஒரு ராத்திரி ஊதாம இருந்து பாரு.

— சரி, நேத்து நாலு தரம் கையெழுத்துப் போட்டேன்னா, நோட்டுல இருக்கணுமே. எங்க நோட்டு?

— சட்டைக்குள்ள வெச்சுக்கிட்டுத் தூங்கறாரு. மேனேஜரத் தவிர யாருக்கும் குடுக்க மாட்டாராம். ஒரு நாள் எடுக்கப் போய் கைய முறுக்கிட்டாரு.

— அப்ப ஆதாரம் இல்ல.

— ஆதாரமா? போலீஸ் ஸ்டேஷனாடா இது?

— கோவப்படாம கேளு. நீ பொய் சொல்றேன்னு நான் சொல்லல. களைச்சுப் போயிருக்க. நடந்தது எது, தூக்கத்துல கண்டது எதுன்னு உனக்கே பிரிச்சுப் பாக்க முடியாம இருக்கலாம்.

— என்னது?

— நீயே போய் மறதி டெஸ்ட் எடுத்துக்கிட்டு வந்தல்ல?

— யாரு சொன்னா உனக்கு?

— அத்தை சொன்னாங்க.

— நல்ல அத்தை. ஆமா, போனேன். பத்து வார்த்தை சொல்லி, கொஞ்ச நேரம் கழிச்சுத் திருப்பிக் கேட்டாங்க. எனக்கு நாலுதான் வந்துச்சு. எனக்கு வயசு நாப்பத்தொம்போது. ஏன் போனேன் தெரியுமா? கடையில ஒரு கிழவருக்கு அஞ்சு மில்லிகிராமுக்குப் பதிலா அம்பது குடுத்துட்டேன். அவரு படி இறங்கறதுக்குள்ள கடைக்காரர் பாத்துட்டாரு. ஓடிப் போய்த் திருப்பி வாங்கினோம். இன்னொரு தடவ ஆச்சுன்னா வர வேண்டாம்னுட்டாரு. அவரு சொன்னது தப்பே இல்ல. அந்தக் கிழவரு முகம் இன்னும் என் கண்ணுல நிக்குது.

— டாக்டர் என்ன சொன்னாரு?

— ‘மூளைக்கு ஒண்ணும் இல்லம்மா, முதல்ல தூங்குங்க, அப்புறம் டெஸ்ட் பாப்போம்’னாரு. தூங்குங்கன்னு எழுதிக் குடுக்கறதுக்கு ஒரு டாக்டர்! எனக்குத் தெரியாதா?

— அதத்தான் நானும் சொல்றேன். உன் நிலைமையில நீ சொல்றத அப்படியே நம்பி, அப்பாவப் பத்தி ஒரு காகிதத்துல நான் எழுதிக் குடுக்க முடியுமா? எழுதிட்டா அது எழுதினதுதான்க்கா. அப்புறம் அவருக்கு அந்த நோய்தான்னு ஆயிடும்.

— ஆயிடுமா? ஆயி ஒண்ணேகால் வருஷமாச்சுடா! நீ எழுதலேன்னா இல்லேன்னு ஆயிடுமா? சீ, உன்கூடப் பேசிப் பேசி என் தொண்டத் தண்ணி வத்திப் போச்சு.

— தண்ணி எடுத்துட்டு வரட்டா?

— ஒண்ணும் வேண்டாம். நேத்து ஃப்ரிட்ஜத் தொறந்தா உள்ள வீட்டுச் சாவி. அதுக்கு முந்தின நாளு அடுப்புல வெறும் பாத்திரம் எரிஞ்சுக்கிட்டு இருந்துச்சு. எது நான் வெச்சது, எது அப்பா வெச்சதுன்னு எனக்கே தெரியல. நீ சொல்றது சரியோ என்னவோ. நாலு தரம் கையெழுத்துப் போட்டேன்னு நினைக்கறேன். முந்தாநாள் போட்டதோ? எனக்கே சந்தேகமா இருக்குடா.

— அக்கா, நான் அப்படிச் சொல்ல வரல.

— அப்படித்தான் சொன்ன. பரவால்ல. பூஜ்யம்னே இருக்கட்டும். கையெழுத்தப் போட்டுட்டுக் கிளம்பு, உனக்கு ட்ரெயினுக்கு நேரமாச்சு. போற வழியில அந்த ஹோம்ல எனக்கும் ஒரு எடம் சொல்லி வெச்சுட்டுப் போ. அப்பாவும் பொண்ணும் ஒண்ணாப் போய்ச் சேந்துக்கறோம்.

— அக்கா, அழாத. நான் என்ன சொல்றேன்னா...

— ஆபீஸ்ல யாரு இருக்கீங்க? ஆள் இருக்காங்களா?

— முழிச்சுட்டாரு. அப்பா, பாத்து வாங்க, அங்க படி இருக்கு. முகம் கழுவிட்டீங்களா?

— முகமெல்லாம் அப்புறம் மேடம். முதல்ல ராத்திரி நோட்டு ஒப்படைக்கணும். நேரம் தாண்டிடுச்சு.

— கேட்டியா, மேடமாம். இன்னிக்கு நான் டிப்போ மேனேஜர். எந்த நாளு மேனேஜர், எந்த நாளு டிரைவர்னு அவருக்குத்தான் வெளிச்சம். குடுங்கப்பா.

— கீழ கையெழுத்துப் போட்டு வாங்கிக்கங்க. ஒப்படைச்சுட்டா என் பொறுப்பு முடிஞ்சுது.

— அக்கா, அவர எதுக்குப் படுத்தற? நோட்ட இங்க குடு, நான் பத்திரமா வெக்கறேன்.

— கைய எடுங்க டிரைவர். நோட்டு டிரைவர் கைக்குப் போகக் கூடாது. சட்டம் தெரியாதா உங்களுக்கு? மேடம் பாத்தப்புறம்தான்.

— இருடா, ஏன் பறக்கற? எங்க நேத்து தேதி... இதோ. முதல் கட்டில். பன்னெண்டே முக்கால், என் கையெழுத்து. ரெண்டு பத்து, என் கையெழுத்து. மூணேகால். நாலு இருபது. நாலுடா! நாலுலயும் என் கையெழுத்து! கோணலா இருக்கு, ஆனா என்னுதுதான். நான் கனவு காணல. அப்பா, நான் கனவு காணலப்பா!

— டூட்டியில யாரு மேடம் கனவு காணுவாங்க? முதல் கட்டில் தங்கமான ஆளு. ஒரு குரல் குடுத்தாப் போதும், எழுந்து உக்காந்துடும். பாவம், கண்ணு ரெண்டும் செவந்து கிடக்கு. அந்தப் பொண்ணுக்கு ஓய்வு போதல, நீங்க பாத்து ஏதாவது செய்யணும். ராத்திரி வண்டி எடுத்தவங்களுக்கு மறுநாளு வண்டி குடுக்கறது தப்பு.

— செய்யறேன்பா. மேலிடத்துல எழுதிக் கேட்டிருக்கு. இது என்னப்பா, ரெண்டாவது கட்டில்னு போட்டிருக்கீங்க? கையெழுத்தே இல்ல?

— அத ஏன் கேக்கறீங்க மேடம். அது புது ஆளு. ஹால்ல படுத்திருந்தாரே.

— அக்கா, போதும். நாலுன்னு எழுதிடறேன். பேனாவக் குடு.

— பேசாம இரு. அப்பா, ரெண்டாவது கட்டில எழுப்பினீங்களா?

— எழுப்பாம? ஒவ்வொரு தரமும் முதல் கட்டில் முடிஞ்சவுடனே அங்கதான் போனேன். டார்ச் அடிச்சேன், தோள்பட்டையத் தொட்டேன், பக்குவமாத்தான் கூப்பிட்டேன். ‘டிரைவர், எழுந்திரிங்க, நேரமாச்சு.’ அசையல.

— நல்லாத் தூங்கியிருப்பான்பா. சின்ன வயசுலேருந்தே அப்படித்தான்.

— தூங்கினா தூக்கம்னு எழுதியிருப்பேனே. நான் எழுதியிருக்கறத சத்தமாப் படிங்க.

— ‘இரண்டாம் கட்டில். விழித்திருந்தார். எழவில்லை.’ கீழ மூணு தரமும் அதேதான். ‘விழித்திருந்தார். எழவில்லை.’

— தூங்கறவன் மூச்சு வேற மேடம். கண்ண அப்படி இறுக்கிப் பிடிச்சுக்க மாட்டான். கன்னத்துல ஈரம் வேற. இத்தன வருஷத்துல எத்தன பேர எழுப்பியிருப்பேன், எனக்குத் தெரியாதா? ஆனா அவர் மேல நடவடிக்க எடுத்துடாதீங்க. புதுசா வர்றவங்க முதல் ராத்திரி பயந்துக்குவாங்க. நான் கொஞ்ச நேரம் கால நீட்டறேன், உடம்பு அசதியா இருக்கு.

— போய்ப் படுங்கப்பா. செருப்ப மாட்டிக்கிட்டுப் போங்க. நீ ஏன்டா தரையவே பாத்துக்கிட்டு நிக்கற? முழிச்சிருந்தியா?

— அக்கா...

— என்னப் பைத்தியம்னு நானே நம்பற அளவுக்குக் கொண்டுவந்து நிறுத்தினியேடா! காலையிலேருந்து! முழிச்சுக்கிட்டுக் கிடந்தவன், லாஜிக்கு, ஆதாரம்னு...

— ‘எழுந்திரிங்க’ன்னாருக்கா. ‘ங்க’ போட்டு. பொறந்ததுலேருந்து என்ன ‘டேய்’னு தவிர ஒரு வார்த்தை கூப்பிட்டதில்ல. பக்கத்துல குனிஞ்சு, அவ்வளவு மரியாதையா, யாரோ ஒரு ஆள எழுப்பற மாதிரி. கண்ணத் தொறந்தா அவரு என்ன யாருன்னு பாப்பாரோன்னு பயந்துட்டேன். தொறக்கலேன்னா அது நடக்காததுன்னு சொல்லிக்கலாம்னு நினைச்சேன்.

— பயம் ஒரு தரம் வரலாம். சரி, ரெண்டு தரம். நாலு தரமுமாடா படுத்துக் கிடந்த?

— அஞ்சு தரம்க்கா. ஒரு தரம் எழுத மறந்துட்டாரு.