மூணாவது வெட்டு

— அசையாதீங்க தோமிசோ அண்ணே. விலாவுல படுறது நாடகத்து மூங்கில் வாள் இல்ல, மீன் அறுக்கிற கத்தி.

— ஓசெகி, திரைக்கு அந்தப் பக்கம் எண்ணூறு பேர் உக்காந்திருக்காங்க. இந்த ரீல் முடிஞ்சா திரை மேல ஏறிடும். பாதிக் கதைதான் படத்துல, மிச்சக் கதைக்கு நான் மேடையில நின்னு நடிக்கணும்.

— நிக்கிறீங்களா கிடக்கிறீங்களான்னு நான் முடிவு பண்றேன். துணியப் பாருங்க, பின்னால இருந்தும் நல்லாத்தான் தெரியுது. ஆத்தங்கரை வந்தாச்சு. அதோ என் புருஷன்.

— பத்தொம்பது நாளா நானும்தான் பாக்குறேன் தாயி.

— நீங்க பாக்குறீங்க. படம் ஊமை, நான்தான் இங்க நின்னு அவருக்குக் குரல் குடுக்குறேன். செத்துப்போன மனுஷன் வாயசைவுக்கு நான் 'பழி வாங்குவேன்'னு உறுமணும், இந்த அசகுசா ஊரு சனம் கைதட்டணும்.

— மூங்கில் வாள் வெயில்ல மின்னலைன்னு நெச வாளைத் திணிச்சது படம் புடிக்க வந்தவனுங்க. உன் புருஷன் கிஹெய்க்குக் கால் வழுக்கிருச்சு. போலீஸ்லயும் இதத்தான் சொன்னேன்.

— தெனம் பாக்குறேனே, மொத வெட்டு தோள்ல. வழுக்குனது தெரியுது, ஒத்துக்கறேன். ரத்தம் பீய்ச்சுதே, கண்ணு தெரியலையா? அப்புறம் எதுக்கு ரெண்டாவது?

— பேச்சை விடு ஓசெகி.

— மூணாவது வயித்துல. குடல் சரியுது. நீ என்ன பண்ணுன? ஓடிப்போய் பொத்துனியா? கால அகட்டி, தலையச் சுழட்டி, கண்ண மாறுகண்ணாக்கி நிலை புடிச்சு நின்ன, மேடையில கைதட்டலுக்கு நிக்கிற மாதிரியே. பத்து எண்ணுற வரைக்கும். தெனம் எண்ணுறேன்.

— குத்திடு. கேள்வி கேக்காத.

— மொத வெட்டு விழுந்ததும் அவர் வாய் அசையுது. எழுதிக் குடுத்த வசனம் இல்ல அது. விட்டுடுங்கன்னு கெஞ்சுனாரா?

— உன் பேரச் சொல்லிக் கூப்பிட்டான். போதுமா?

— பொய். என் பேருக்கு உதடு ஒட்டாது. அவருக்கு ஒட்டுது.

— அத உன் காதுல போட்டுட்டு நான் உசிரோட இருக்கணுமா? வேணாம். ஒரே குத்தா முடிச்சிரு.

— துணியில மொத வெட்டுக்கு வாளை ஓங்கிட்ட பாரு. இப்ப அவர் வாய் திறப்பார், நான் பேசியாகணும். சொல்லு. இதோ, கத்தி உன் சதைக்குள்ள இறங்குது.

— ம்... இரு. அவன் சிரிச்சான், ஓசெகி. 'நிறுத்திடாதீங்க அண்ணே, படம் ஓடுது, இன்னும் வெட்டுங்க'ன்னான்.