லைனில் பழுதில்லை

அந்த ரெக்கார்டரை மேஜை மேல் அப்படியே வைக்காதீர்கள் சார். ஃபேன் அதிர்வு மேஜை வழியாக அதில் ஏறிவிடும். கைக்குட்டை இருந்தால் மடித்து அடியில் வையுங்கள், போதும். இல்லாவிட்டால் இதைக் கேட்டு டைப் செய்கிறவர் உங்களைத்தான் திட்டுவார்.

உங்கள் அறிக்கையை வாசித்தேன். எனக்குச் சாதகமாகத்தான் எழுதியிருக்கிறீர்கள். கோபுரத்தின் மேலிருந்த கேமராக்காரருக்கும் ஒளிபரப்பு வேனுக்கும் இடையிலான லைன் பழுதாகிவிட்டது, அதனால் அவரை எச்சரிக்க முடியாமல் போயிற்று என்று இருக்கிறது. அடியில் கையெழுத்துப் போட்டால் நான் வீட்டுக்குப் போகலாம். வெளியே உட்கார்ந்திருக்கும் வக்கீலும் போடச் சொல்லித் தலைபாடாக அடித்துக்கொள்கிறார். நான் போடமாட்டேன். என் லைன் பழுதாகவில்லை. நான் போட்ட எந்த லைனும் நேரலையின் நடுவில் பழுதானதில்லை. செய்யாத தவறுக்கு என்னால் கையெழுத்துப் போட முடியாது.

என் வேலை என்னவென்று உங்களுக்கு விளங்கியதா என்று தெரியவில்லை. ஒரு ஓட்டப் பந்தயத்தை வீட்டில் உட்கார்ந்து பார்க்கிறீர்கள். ஓடுகிறவர் தெரிவார், வர்ணனை செய்கிறவரின் குரல் கேட்கும். அதற்கு வெகுநாள் முன்பே அந்தத் தெருவில் ஒருவன் குடையைப் பிடித்துக்கொண்டு அலைந்திருப்பான். வேன் எங்கே நிற்கும், ஜெனரேட்டர் இரைச்சல் யாருடைய மைக்கில் விழும், கேபிள் எந்தச் சாக்கடையைத் தாண்டும், எந்த மரக்கிளை சிக்னலை மறைக்கும் என்றெல்லாம் பார்த்திருப்பான். யார் பேசினால் யார் காதில் விழ வேண்டும் என்று முடிவு செய்வதும் அவன்தான். அவன்தான் நான். எல்லாம் ஒழுங்காக நடந்தால் நான் இருந்ததே யாருக்கும் தெரியாது. படம் ஒரு கணம் அறுந்தால் போதும், என் பரம்பரையையே இழுப்பார்கள்.

கேமராவுக்காகச் சாரம் கட்டி எழுப்பிய அந்தக் கோபுரம் என் யோசனை. மாரத்தானின் கடைசித் திருப்பம் ஏரிக்கரையில் வருகிறது. அங்கே உயரத்தில் ஒரு கேமரா இருந்தால் திருப்பத்திலிருந்து முடிவுக்கோடு வரைக்கும் ஒரே வீச்சில் காட்டலாம். கூட்டத்தில் சொன்னபோது எல்லோரும் முகத்தைச் சுளித்தார்கள். பறக்கும் கேமரா போதாதா என்று கேட்டார் தயாரிப்பாளர். ஏரிக்காற்றில் அது அறுந்த பட்டம் மாதிரி போய்விடும் என்றேன். "எங்கயாவது கம்பி நட்டாத்தான் உங்களுக்குத் தூக்கம் வரும்" என்று சிரித்தார். மற்றவர்களும் சேர்ந்து சிரித்தார்கள். நான் விடவில்லை. கூட்டத்துக்குக் கூட்டம் மல்லுக்கட்டி அந்தக் கோபுரத்தை வாங்கினேன். அந்த ஒரு ஷாட் வராமல் போயிருந்தால் அத்தனை பேர் முன்னாலும் என் மூக்கு உடைந்திருக்கும். உங்கள் மேலதிகாரி முன்னால் உங்களுக்கும் அப்படி ஒரு நாள் வந்திருக்கும்.

மேலே ஏற்றுவதற்கு ஒரே ஆள்தான் என் மனதில் இருந்தான். என் தங்கையின் கணவன். என்னோடு வேலை பார்த்துக்கொண்டிருந்தவனை நான்தான் பேசி மாப்பிள்ளையாக்கினேன். உயரம் என்றால் அவனுக்குப் பயம் கிடையாது, கேமராவில் கை வைத்தால் நடுக்கம் இருக்காது. எங்கள் ஆட்கள் அவனை ரேடியோ என்றுதான் கூப்பிடுவார்கள். அவ்வளவு பேச்சு. தட்டின் முன்னால் உட்கார்ந்தால் சாப்பாடு ஆறிப்போகும், கதை முடியாது. "மொதல்ல வாயில இருக்கறத முழுங்குங்க" என்பாள் தங்கை. எனக்கு அவனை ரொம்பப் பிடிக்கும். எங்களுக்குள் ஏதாவது பகை இருந்ததா என்று உங்கள் ஆள் ஒருவர் தங்கையிடமே போய்க் கேட்டிருக்கிறார். ஒன்றும் இல்லை. தயவுசெய்து அவரை மறுபடி அந்த வீட்டுக்கு அனுப்பாதீர்கள்.

கோபுரத்தைக் கட்டிய சாரக்காரரை நீங்கள் பிடித்து வைத்திருப்பதாகக் கேள்விப்பட்டேன். அவரை விட்டுவிடுங்கள். அவர் கட்டியதில் குறை கிடையாது. கோபுரம் சாயாதபடி நாலு பக்கமும் இழுவைக் கம்பி கட்டி மண்ணில் ஆழமாக முளை அடித்திருந்தார். முந்தின நாள் மழையில் கரை மண் இளகியிருந்தது, அதையும் அவரே கவனித்துச் சொன்னார். "நான் கீழயே நின்னு முளையப் பாத்துக்கறேன் சார். காத்து ரொம்ப ஏறுச்சுன்னா யோசிக்காதீங்க, ஆளை எறக்கிடுங்க" என்றார். அதற்கு மேல் ஒரு மனிதர் என்ன செய்ய வேண்டும் என்கிறீர்கள்? அவரை அங்கிருந்து நகர்த்தியது நான். முடிவுக்கோட்டில் கூட்டம் தடுப்பைத் தள்ளிக்கொண்டு வந்து கேபிளை மிதிக்க ஆரம்பித்தது. பலமான ஆள் ஒருவர் தேவைப்பட்டார். கூப்பிட்டேன், ஓடி வந்தார்.

இனி லைனுக்கு வருகிறேன். ஓட்டம் தொடங்கியதிலிருந்தே ரேடியோ ஓயவில்லை. ஹெட்செட் மாட்டிய எல்லோர் காதிலும் அவன்தான். ஏரியில் கொக்கு இறங்குகிறது என்பான். வேலியோரம் ஒரு அம்மா குழந்தையைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்திருக்கிறார் என்பான். போலீஸ்காரர் ஒருவர் நின்றபடியே தூங்குகிறார் என்றபோது வேனில் இருந்த பாதிப் பேர் சிரித்துவிட்டார்கள். வேனில் ஒளிபரப்பை நடத்திய இயக்குநர் மேஜையைத் தட்டி, "யாராவது அந்த ரேடியோவ அணைங்கப்பா" என்றார்.

அணைத்தேன். என் முன்னால் இருக்கும் பலகையில் ஆளுக்கொரு பொத்தான் உண்டு. அவனுடையதை அழுத்தியதும் அவன் பேச்சு மற்றவர்களுக்குப் போவது நின்றது. என் காதருகே இருந்த சின்ன ஸ்பீக்கரில் மட்டும் வந்துகொண்டிருந்தது. இயக்குநர் சொல்வதும் நான் சொல்வதும் அவனுக்குக் கேட்கும். எந்த வேனிலும் இப்படிச் செய்வதுதான். வாயாடியை வெட்டிவிட்டு நாம் மட்டும் கேட்டுக்கொண்டிருப்போம், அவசரத்துக்கு வேண்டுமே என்று.

முன்னால் ஓடிய இருவரும் ஏரிக்கரையை நெருங்கியபோது காற்று ஏறியது. வேனின் கூரைத் தகடு படபடவென்று அடித்தது. ஸ்பீக்கரில் அவன் குரல் மாறியது. "மச்சான், ஏரிப்பக்கத்து முளை கெளம்புது. கம்பி தொய்யுது. எறங்கட்டுமா?"

தெளிவாகக் கேட்டது. அவன் மைக்கில் காற்று விழாதிருக்க நானே பஞ்சு சுற்றிக் கொடுத்திருந்தேன், அது அருமையாக வேலை செய்தது. இயக்குநர் காதை மூடிய ஹெட்செட்டோடு எனக்கு ஒரு கை தூரத்தில் உட்கார்ந்திருந்தார். அவரிடம் சொல்லியிருக்கலாம். ஈர நெஞ்சுக்காரர், ஷாட்டாவது மண்ணாவது, முதலில் ஆளை இறக்கு என்றிருப்பார். அது தெரிந்துதான் நான் சொல்லவில்லை. திருப்பத்துக்கு ஓட்டக்காரர்கள் வர இன்னும் கொஞ்ச நேரம்தான். அத்தனை கூட்டத்தில் மல்லுக்கட்டியது அந்தக் கொஞ்ச நேரத்துக்காகத்தான். கோபுரத்தில் ஆளில்லாமல் வெறும் கேமரா நிற்பதைத் தயாரிப்பாளர் பார்த்தால் என்ன சிரிப்புச் சிரிப்பார் என்று எனக்குத் தெரியும்.

பிறகு அந்த ஷாட் வந்தது. நீங்களும் பார்த்திருப்பீர்கள். ஏரி முழுவதும் ஒரு பக்கமாக மெல்லச் சரிகிறது, இருவரும் மலையேறுகிற மாதிரி அந்தச் சரிவில் ஓடி வருகிறார்கள். இயக்குநர் நாற்காலியை விட்டே எழுந்துவிட்டார். "எப்படிச் சாய்க்கறான் பாரு. அப்படியே புடிச்சுக்கோ ராஜா" என்றார். அவன் கேமராவைச் சாய்க்கவில்லை. அசைக்கவே இல்லை. சாய்ந்தது எது என்று வேனில் எனக்கு மட்டும்தான் தெரியும்.

முதலாமவர் கோட்டை நெருங்கியதும் இயக்குநர் அங்கிருந்த கேமராவுக்கு மாறினார். அதன் பிறகு கோபுரக் கேமராவின் திரையை யாரும் பார்க்கவில்லை. நான் பார்த்தேன். வானம் வந்தது, அப்புறம் புல் வந்தது, அப்புறம் படம் நின்றது. ஒளிபரப்பில் அது வரவில்லை. தங்கை பிள்ளையை மடியில் வைத்துக்கொண்டு வீட்டில் பார்த்துக்கொண்டிருந்தாள். "இது அப்பா எடுக்கறதுடா" என்று அந்த ஷாட்டைத்தான் காட்டியிருக்கிறாள். விழுந்ததைப் பிள்ளை பார்க்கவில்லை. எந்தக் கணத்தில் எந்தக் கேமரா என்று வரிசை போட்டதில் எனக்கும் பங்கு உண்டு. அதற்காவது யாராவது ஒரு நல்ல வார்த்தை சொல்லியிருக்கலாம்.

மருத்துவமனை வாசலில் தங்கை என் சட்டையைப் பிடித்துக்கொண்டு கேட்டாள். "அண்ணே, கடைசியா அவர் ஏதாச்சும் சொன்னாரா?"

"லைன் கட்டாயிடுச்சும்மா. ஒண்ணும் கேக்கல" என்றேன்.

அதுதான் வாய் மாறி வாய் மாறி உங்கள் அறிக்கைக்குள் வந்திருக்கிறது. இந்த விஷயம் முழுவதிலும் நான் வெட்கப்படுவது அந்த ஒரு பேச்சுக்குத்தான். என் வாயாலேயே என் லைனைப் பழித்துவிட்டேன். அதைத் திருத்தத்தான் இப்போது பேசுகிறேன், மன்னிப்புக் கேட்க அல்ல. அந்த ஷாட்டை எல்லா சேனல்களிலும் திரும்பத் திரும்பப் போடுகிறார்கள். தயாரிப்பாளர்கூடக் கண்ணைத் துடைத்துக்கொண்டு, அந்த இடத்தில் கோபுரம் இல்லாமல் எடுத்திருக்கவே முடியாது என்று பேட்டி கொடுத்திருக்கிறார். நான் சொன்னபோது சிரித்தவர்.

முதல் நாளிலிருந்து நீங்கள் ஒரே கேள்வியைத்தான் சுற்றிச் சுற்றிக் கேட்கிறீர்கள். கம்பி தொய்வதை அவன் கண்ணால் பார்த்திருக்கிறான், ஏணி கைக்கெட்டும் தூரத்தில் இருந்திருக்கிறது, அப்புறம் ஏன் இறங்கவில்லை என்று. எறங்கட்டுமா என்று அவன் கேட்டதும் நான் அவன் லைனை மட்டும் திறந்து, மைக்கை வாயருகே இழுத்து மெதுவாகப் பேசினேன். வேனில் மற்றவர்களுக்குக் கேட்கக்கூடாதே. "எறங்காதே மாப்ள. சாரக்காரர் உனக்குக் கீழதான் நிக்கறார், கம்பிய இழுத்துப் புடிச்சிருக்கார். நீ படத்தப் பாரு" என்றேன். வேன் கதவு திறந்திருந்தது. முடிவுக்கோட்டில் கேபிளைத் தோளில் தூக்கிப் பிடித்தபடி நின்ற சாரக்காரரின் முதுகைப் பார்த்துக்கொண்டேதான் அதைச் சொன்னேன்.

"சரி மச்சான். நீங்க சொன்னா சரி" என்றான். அதற்குப் பிறகு அவன் ஒரு வார்த்தை பேசவில்லை.

லைன் பழுதாகியிருந்தால் இறங்கியிருப்பான் சார்.