வில்லை இல்லாதவர்கள்

படகில் ஏறுகிற எல்லோருக்கும் எண் போட்ட தகர வில்லை கொடுங்கள், வேலை செய்கிற எங்களுக்கும் சேர்த்து. இதை மட்டும் முதலாளியிடம் கேட்டுவிடாதே என்று, என்னை வேலைக்கு அனுப்பிய அன்று அம்மா சொல்லியிருந்தாள். லீவு கேள், சம்பளம்கூடக் கேள், இதைக் கேட்காதே. உன் அப்பா செத்ததைக் குத்திக்காட்டுகிற மாதிரி இருக்கும், மனுஷன் முகம் சுண்டிப்போகும் என்றாள். சேர்ந்த முதல் வாரமே உங்களிடம் கேட்டேன். உங்களுக்கு நினைவிருக்காது. நீங்கள் அப்போது ஏசி ரிமோட்டைத் திறந்து பேட்டரியை உருட்டிக்கொண்டிருந்தீர்கள்.

“நம்ம ஆளுங்களுக்கு எதுக்கும்மா வில்லை? நீங்கல்லாம் நம்ம குடும்பம். குடும்பத்தைப் போய் யாராவது எண்ணுவாங்களா?”

ரிமோட் வேலை செய்தது. குளிர்காற்று வந்தது. நானும் சிரித்துவிட்டு வெளியே வந்தேன்.

இன்றைக்கு உங்கள் வீட்டு சோபாவில் உட்கார வைத்திருக்கிறீர்கள். இந்த மூன்று வருடத்தில் வாசல் கேட்டைத் தாண்டி உள்ளே வந்தது இதுதான் முதல் முறை. டீப்பாயில் டைப் அடித்த காகிதம், மேலே பேனா. ‘படகை ஓட்டிய சுக்கானி, ஆட்கள் ஏறிவிட்டார்களா என்று யாரிடமும் கேட்காமலும் திரும்பிப் பார்க்காமலும் படகை எடுத்தார், இதை நான் நேரில் பார்த்தேன்.’ கீழே என் பெயர். பெயருக்குப் பின்னால் என் பட்டத்தையும் போட்டிருக்கிறீர்கள். நன்றி. எங்கள் வீட்டில் முதல் பட்டம் அது. அதை யாரும் அச்சில் போட்டு நான் பார்த்ததில்லை. கையெழுத்துப் போட்டால் அடுத்த வாரத்தில் இருந்து கடலுக்குப் போக வேண்டாம், ஆபீஸிலேயே உட்காரலாம் என்று சொல்லி அனுப்பினீர்கள்.

சுக்கானி மாமா உள்ளே போய்ப் பதினாறு நாள் ஆகிறது. இந்தக் காகிதம் போனால் அவர் வெளியே வருவதற்குள் அவர் பிள்ளைகள் வளர்ந்து ஆளாகிவிடுவார்கள். அதனால் கையெழுத்துக்கு முன்னால் கொஞ்சம் பேசிவிடலாம் என்று பார்க்கிறேன்.

நீங்கள் கடைசியாகப் படகில் ஏறி ஆறு வருடம் ஆகிறதாம். அதனால் வில்லை முறையை உங்களுக்கே நான் சொல்ல வேண்டியிருக்கிறது. ஏணிப்படி பக்கத்தில் ஒரு மரப்பலகை. அதில் நாற்பது ஆணி, நாற்பது தகர வில்லை, ஒவ்வொன்றிலும் ஓர் எண். டிக்கெட் வாங்கியவருக்கு ஒரு வில்லை. எங்கே இறங்கினாலும் அதை எடுத்துக்கொண்டு இறங்க வேண்டும். திரும்பி ஏறும்போது அதே ஆணியில் மாட்ட வேண்டும். பலகை நிறைந்தால் நான் விசில் அடிப்பேன். விசில் அடித்தால் மாமா படகை எடுப்பார். அவர் நிற்கிற இடத்தில் இருந்து பின்பக்கம் தெரியாது, நடுவில் மேல்தளத்துப் படிக்கட்டு மறைக்கும். திரும்பிப் பார்த்தாலும் படிக்கட்டைத்தான் பார்ப்பார்.

முழுநாள் பயணம். காலை ஏழரைக்குப் புறப்பட்டால், வெள்ளைப் பாறைச் சுவர், குகை, மதியம் மணல் திட்டு, பிறகு பறவைப் பாறை, மாலை ஆறுக்குத் திரும்பல். நான் மைக்கில் பேச வேண்டும். படகில் என் பெயரே மைக்குதான். “மைக்கு, ஒரு கயிறு எடு”, “மைக்கு சாப்பிட்டாச்சா?” வெள்ளைப் பாறை வந்ததும் ஒரு ராணி கதையைப் போடு, ஜனங்களுக்கு அதுதான் பிடிக்கும் என்று நீங்கள் சொல்லியிருந்தீர்கள். நான் வரலாறு படித்தவள். நீங்கள் சொன்ன ராணி எந்த வரலாற்றிலும் இல்லை. ஆனாலும் மூன்று வருடமாக, வாரத்துக்கு ஆறு நாள், அவளை அந்தப் பாறை உச்சியில் நிறுத்திக் கணவனுக்காகக் காத்திருக்க வைத்திருக்கிறேன்.

மணல் திட்டு எப்படி என்று சொல்கிறேன். நீர் இறங்கும்போது நடுக்கடலில் ஒரு கல்யாண மண்டபம் அளவுக்கு மணல் வெளியே வரும். ஒரு ஓரத்தில் கறுப்புப் பாறை. முக்கால் மணி நேரம் நிற்போம். தரை காய்ந்திருப்பதால் எல்லோரும் லைஃப் ஜாக்கெட்டைக் கழற்றி சீட்டில் போட்டுவிட்டு இறங்குவார்கள். போனில் படம் எடுக்கலாம், பேச முடியாது, சிக்னல் கிடையாது. நாங்கள் கிளம்பி ஒன்றரை மணி நேரத்தில் மணல் இருந்த இடமே தெரியாது. பாறையும் சேர்ந்து போய்விடும்.

அப்பா செத்ததும் அங்கேதான். அவர் நங்கூரம் போடுகிறவர். நங்கூரம் அடியில் மாட்டிக்கொண்டது, எடுக்க இறங்கினார். அதற்குள் பயணிகள் ஏறிவிட்டார்கள், பலகை நிறைந்துவிட்டது, எனக்கு முன்னால் இருந்த மைக்குக்காரர் விசில் அடித்துவிட்டார். அப்பா தண்ணீருக்குள் இருப்பது தெரியாமல் மாமா படகைப் பின்பக்கமாக எடுத்தார். அப்பாவுக்கு ஆணி இல்லை, வில்லை இல்லை. அவர் கணக்கிலேயே வராத ஆள். ‘தன் சொந்தக் கவனக்குறைவால்’ என்று எங்களுக்கு ஒரு கடிதம் கொடுத்தீர்கள். அதை நான்தான் அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். படிக்கத் தெரிந்தவள் நான் ஒருத்திதானே.

அதற்குப் பிறகு மாமா விசிலை மட்டும் நம்புவதில்லை. ஒவ்வொரு தடவையும் படகை எடுக்குமுன் கத்திக் கேட்பார். அதனால் உங்கள் காகிதத்தில் ‘கேட்காமலும்’ என்று இருக்கிறதே, அது தவறு. அடித்துவிடுங்கள்.

இந்தக் காகிதம் சொல்கிற அந்த நாள் காலை நீங்கள் மாமாவுக்குப் போன் செய்தீர்கள். நம்ம பாப்பா வருது, டிக்கெட் எல்லாம் வேண்டாம், நல்ல இடமாகப் பார்த்து உட்கார வை என்றீர்கள். உங்கள் மகள் படிப்பு முடிந்து ஊர் திரும்பி ஒரு வாரம் ஆகியிருந்தது. என் வயதுதான். ஒரு மாதம் பெரியவள் நான். வெள்ளைத் தொப்பி. பந்தா ஒன்றும் இல்லை. என்னைத் தன் பக்கத்தில் உட்காரச் சொன்னாள். நின்றுகொண்டுதான் பேச வேண்டும் என்றேன். அப்படியானால் நானும் நிற்கிறேன் என்று குகை வரைக்கும் என்னோடு நின்றே வந்தாள். அப்பா படகை வைத்துக்கொண்டு எனக்கு நீச்சல் கற்றுக்கொடுக்கவில்லை பாருங்கள் என்று சொல்லிச் சிரித்தாள். ராணி கதையைக் கேட்டுவிட்டு என் காதில், “இது நிஜமாவே நடந்ததா, இல்ல எங்கப்பா விட்ட கதையா?” என்றாள். உங்கள் வீட்டில் யாரோ ஒருவருக்காவது அது தெரிந்திருந்ததில் எனக்குச் சந்தோஷம்தான்.

திட்டில் எல்லோரும் வில்லையை எடுத்துக்கொண்டு இறங்கினார்கள். அவள் பலகை முன்னால் நின்றாள்.

“எனக்கு எது?”

வீட்டு ஆட்களுக்குக் கிடையாது என்றேன். யார் சொன்னது என்றாள். உங்கப்பா என்றேன். அப்புறம் அவளாகவே ஒவ்வொன்றாகக் கேட்டாள், நானும் சொன்னேன். எங்களுக்கும் இல்லை என்பது, நான் கேட்டது, நீங்கள் சொன்ன பதில், என் அப்பா. அப்பா விஷயம் அவளுக்குத் தெரியவே தெரியாது. அவள் கண் கலங்கியது. நடிப்பு இல்லை. நான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

“இது ரொம்பத் தப்புங்க. நாளைக்குக் காலைல சாப்பிடும்போது அப்பாகிட்ட சொல்றேன். நான் சொன்னா செஞ்சிடுவார்.”

சொல்லிவிட்டு என் கையை அழுத்தினாள். பிறகு இறங்கிப் பாறைக்கு அந்தப் பக்கம் சிப்பி பொறுக்கப் போனாள்.

கொஞ்சம் இருங்கள், உங்கள் மனைவி வருகிறார்கள்.

தண்ணீர் போதும் அம்மா. ஆமாம், உங்கள் மகள் கடைசியாக என்னிடம்தான் பேசினார்கள். படகில் இருக்கிற எல்லோருக்கும் பாதுகாப்பு வேண்டும், அப்பாவிடம் சொல்கிறேன் என்று சொன்னார்கள். ஆமாம். நன்றாகச் சிரித்துத்தான் பேசினார்கள். இல்லை, பயப்படவில்லை, அப்போது பயப்பட ஒன்றும் இல்லை.

“அவ அப்படித்தாம்மா. சின்ன வயசுலயே தெருவுல போற நாய்க்குக்கூட நியாயம் கேப்பா. நீயாவது அவகூட இருந்தியே” என்று சொல்லி என் தலையைத் தடவிவிட்டுப் போகிறார்கள். கதவைச் சாத்திவிட்டார்கள். சரி, தொடர்கிறேன். அவர்களுக்கு நீங்களே சொல்லிக்கொள்ளுங்கள். நல்ல அம்மா.

நான் எங்கே விட்டேன்? சாப்பிடும்போது சொல்கிறேன் என்றாள். அதில்தான் நிற்கிறது எல்லாம். மூன்று வருடத்தில் நான் உங்களிடம் நான்கு தடவை கேட்டிருக்கிறேன். ஒரு தடவை எழுதியும் கொடுத்தேன், இரண்டு பக்கம், விதிமுறைகளோடு. படித்த திமிர் என்று மேனேஜரிடம் சொன்னீர்களாம். செத்தது என் அப்பா, கேட்டது நான், கிடைக்காதது எனக்கு. அதை அவள் ஒரு வாய் சாப்பாட்டுக்கும் இன்னொரு வாய்க்கும் நடுவில் வாங்கிவிடுவாள். பிறகு நான் அவளுக்கு நன்றி சொல்ல வேண்டும். சொல்லியிருப்பேன், அதுதான் அசிங்கம்.

முக்கால் மணி ஆனது. எல்லோரும் வந்தார்கள். முப்பத்தெட்டு டிக்கெட், முப்பத்தெட்டு வில்லை. இரண்டு ஆணியில் வில்லை அசையாமல் அப்படியே இருந்தது. பலகை நிறைந்துவிட்டது. நான் விசில் அடித்தேன். இது வரைக்கும் விதிப்படிதான். விசாரணை அதிகாரி முதலில் என்னிடம் கேட்டதும் இவ்வளவுதான். வில்லைகள் சரியாக இருந்தனவா? இருந்தன. அவர் அடுத்த ஆளைக் கூப்பிட்டுவிட்டார்.

மாமா அங்கிருந்து கேட்டார். “மைக்கு, எல்லாம் ஏறியாச்சா? பாப்பா ஏறிட்டாளா?”

“வில்லை எல்லாம் வந்தாச்சு மாமா” என்றேன்.

அது பொய் இல்லை. என் வாயில் இருந்து அன்றைக்கு ஒரு பொய்கூட வரவில்லை, ராணியைத் தவிர. எஞ்சின் சத்தத்தில் அவருக்குப் பாதிதான் கேட்டிருக்கும். சரி சரி என்று எடுத்துவிட்டார். அவர் விசாரணையில் இதைச் சொன்னார், என்னை மறுபடி கூப்பிட்டுக் கேட்டார்கள். அவர் அப்படிக் கேட்டது என் காதில் விழவில்லையே என்று நான் சொன்னேன். சரி, அது ஒரு பொய். ஆனால் அது வேறு நாள்.

அவளுடைய ஜாக்கெட் சீட்டில் கிடந்தது. பக்கத்து சீட்டுப் பெண்மணி அதைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் அதை எடுத்து, வார்களை மடித்து, பெட்டிக்குள் வைத்துப் பூட்டினேன். அலங்கோலமாகக் கிடந்தால் எனக்குப் பிடிக்காது.

படகு திரும்பியபோது திட்டு வலது பக்கம் வந்தது. அவள் பாறையைச் சுற்றிக்கொண்டு ஓடி வந்தாள். தண்ணீர் அப்போது அவள் கணுக்காலுக்குத்தான் இருந்தது. தொப்பியைக் கழற்றி ஆட்டினாள். முதலில் சிரித்துக்கொண்டுதான் ஆட்டினாள், படகு விளையாட்டுக் காட்டுகிறது என்று நினைத்திருப்பாள். நான் ஒரு வார்த்தை சொன்னால் போதும். மைக் கையில் இருந்தது. அதற்காகத்தான் எனக்குச் சம்பளமே.

நான் மைக்கை ஆன் செய்து, எல்லோரும் இடது பக்கம் வாருங்கள் என்றேன். இடது பக்கம் ஒன்றுமில்லை. தூரத்தில் அந்த வெள்ளைப் பாறைதான், காலையிலேயே பார்த்தது. ராணியின் கதையில் காலையில் சொல்லாத ஒரு பகுதி இருக்கிறது என்றேன். வந்துவிட்டார்கள். குழந்தைகளைத் தூக்கிக்கொண்டு, போனை நீட்டிக்கொண்டு, முப்பத்தெட்டு பேரும் எனக்கு முன்னால் வரிசை கட்டி நின்றார்கள், கடலின் வலது பாதிக்கு முதுகைக் காட்டிக்கொண்டு. நான் மட்டும்தான் அந்தப் பக்கம் பார்த்து நின்றேன். அவள் சிறியதாகிக்கொண்டே போனாள். பதினோரு நிமிடம் பேசினேன். இடையில் ஒரு தடவைகூடத் தடுமாறவில்லை. முடிந்ததும் கை தட்டினார்கள். ஒரு பெரியவர், நீயெல்லாம் இங்கே இருக்க வேண்டிய பெண்ணே இல்லை அம்மா என்றார். அதைத்தான் நானும் பல வருடமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

பறவைப் பாறையில் மாமா பாப்பாவைத் தேடினார். வெயில் தாங்காமல் கீழே அறையில் படுத்திருப்பாள், எழுப்பாதீர்கள் என்றேன். அது இரண்டாவது பொய். ஆக இரண்டு. ஆறு மணிக்கு நீங்கள் காரைக் கொண்டுவந்து துறையில் நின்றுகொண்டிருந்தீர்கள். மூன்றாம் நாள் அவள் கிடைத்தாள். மீதி உங்களுக்குத் தெரியும்.

நீங்கள் எழுந்திருக்க வேண்டாம். தண்ணீரைக் குடியுங்கள், நான் வாய் வைக்கவில்லை. இந்தக் காகிதத்தை நான் தொடவும் இல்லை, இங்கேயே இருக்கட்டும். இப்போது சொன்னதை எல்லாம் நேற்றே எழுதிவிட்டேன், எட்டுப் பக்கம், என் கையெழுத்தில். பையில் இருக்கிறது. துறைமுக அலுவலகம் ஐந்து மணி வரைக்கும்தான், இங்கிருந்து பத்து நிமிட நடை. மாமா இன்று வராவிட்டாலும் நாளை வீட்டுக்கு வந்துவிடுவார். உங்களிடம் முதலில் சொல்ல வேண்டும் என்றுதான் வந்தேன். பெற்றவர்களுக்குப் பக்கத்து வீட்டுக்காரர்கள் வந்து சொல்லித் தெரியக்கூடாது.

கதவை நானே திறந்துகொள்கிறேன். கேட்டையும் சாத்திவிட்டுப் போகிறேன்.

ஒன்று மட்டும் அந்த எட்டுப் பக்கத்தில் எழுதவில்லை. எழுதினால் அவர்களுக்குப் புரியாது, உங்களுக்குப் புரியலாம். உங்கள் மகள் மேல் எனக்குக் கோபமே கிடையாது. அவ்வளவு நல்ல பெண் அவள். கொஞ்சம் கெட்டவளாக இருந்திருந்தால், நான் படகைத் திருப்பச் சொல்லியிருப்பேன்.